ஹான்ஸ் ஹோஃப்மன்: திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகள்

ஓவியம் கற்றுக்கொள்கிறவர்களிடமும் கற்றுக்கொடுக்கிறவர்களிடமும் ஹான்ஸ் ஹோஃப்மனைப் பற்றி நான் பேச ஆரம்பித்துப் பல வருஷம் ஆகிவிட்டது. யாரிடம் பேசினாலும் கிட்டத்தட்ட இதே சந்தேகங்கள்தான் வருகின்றன. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லிக்கொண்டிருப்பதைவிட எல்லாவற்றையும் ஒரே இடத்தில் எழுதி வைத்துவிடலாம் என்று உட்கார்ந்தேன். கேள்விகளைக் கேட்டவர்களின் வாயிலிருந்து வந்த மாதிரியே விட்டிருக்கிறேன்.

யாருங்க இந்த ஹோஃப்மன்? பேரே கேள்விப்பட்டதில்லையே.

ஜெர்மனியில் பிறந்து, ஐம்பது வயதைத் தாண்டிய பிறகு அமெரிக்காவில் குடியேறி, நியூயார்க்கில் சொந்தமாக ஓவியப் பள்ளி நடத்தியவர். பிறந்தது 1880 மார்ச் 21, பவேரியாவில் உள்ள வைசன்பர்க் என்ற ஊரில். இறந்தது 1966 பிப்ரவரி 17, நியூயார்க்கில். இடையில் 1915 முதல் 1958 வரை, கிட்டத்தட்ட 43 வருஷம், ஆசிரியர் வேலை பார்த்தார்.

பெயர் தெரியாததில் தப்பே இல்லை. அவருடைய மாணவர்களின் பெயர்கள் ஒருவேளை தெரிந்திருக்கும்: லீ கிராஸ்னர், ஹெலன் ஃபிராங்கந்தாலர், லாரி ரிவர்ஸ், ஆலன் காப்ரோ. இரண்டாம் உலகப் போரை ஒட்டி அமெரிக்காவில் அரூப ஓவியம், அதாவது பொருள்களை அப்படியே வரையாமல் வண்ணத்தாலும் வடிவத்தாலும் பேசும் ஓவியம், பெரிய அலையாக எழுந்ததே, அதில் யாரைத் தொட்டாலும் நேரடியாகவோ சுற்றி வளைத்தோ இவர் வகுப்பறையில் போய்த்தான் நிற்கும்.

சின்ன வயசுலேர்ந்தே ஓவியம்தானா?

இல்லை. 1886-ல் குடும்பம் மியூனிக்குக்குக் குடிபோனது. பையனுக்குக் கணக்கும் அறிவியலும் நன்றாக வந்தன. 16 வயதில் பவேரிய அரசின் பொதுப்பணித் துறையில் வேலைக்குச் சேர்ந்தார், அங்கே இருந்தபோது மின்காந்தத்தால் இயங்கும் ஒரு கணக்கு இயந்திரத்தையே கண்டுபிடித்தார். சந்தோஷப்பட்ட அப்பா 1,000 மார்க் கொடுத்தார். மகன் அந்தப் பணத்தை எடுத்துக்கொண்டு போய் ஓவியப் பள்ளியில் சேர்ந்துவிட்டார். வீட்டில் யாருக்கும் இது பிடிக்கவில்லை.

அந்த எஞ்சினியர் புத்தி கடைசிவரை அவரை விட்டுப் போகவில்லை என்றுதான் எனக்குப் படுகிறது. ஒரு படத்தை எந்த எடை எந்த எடையைத் தாங்குகிறது என்ற கண்ணோடுதான் பார்த்தார்.

பாரிஸ்ல பிக்காசோ, மத்தீஸ் கூடெல்லாம் பழகினவராமே? அப்ப வரைஞ்ச படங்கள் எங்க?

பழகினார். பெர்லினில் பெரிய டிபார்ட்மென்ட் ஸ்டோர் வைத்திருந்த பிலிப் ஃபிராய்டன்பர்க் என்ற பணக்காரர் உதவியதால் 1904 முதல் 1914 வரை பத்து வருஷம் பாரிஸில் இருந்தார். மாலை வகுப்புகளில் மாடலைப் பார்த்து வரைவது, காபிக் கடைகளில் உட்கார்ந்து பேசுவது என்று போன காலம். பொருள்களைக் கட்டம் கட்டமாக உடைத்து வரையும் கியூபிசம் பிறந்தபோதும், வண்ணத்தைக் கட்டவிழ்த்துவிட்ட ஓவியர்கள் கிளம்பியபோதும் அங்கேயே இருந்து பார்த்தவர். ஓவியர் ராபர்ட் டெலொனே நெருங்கிய நண்பர். 1910-ல் பெர்லினில் பால் காசிரர் காட்சிக்கூடத்தில் முதல் தனிக்கண்காட்சியும் நடந்தது.

1914-ல் ஜெர்மனிக்கு வந்திருந்த சமயத்தில் முதல் உலகப் போர் வெடித்தது. பாரிஸுக்குத் திரும்ப வழியில்லை. அங்கே விட்டு வந்த படங்கள் போனது போனதுதான். பத்து வருஷ உழைப்பு, மிஞ்சியது அநேகமாக ஒன்றுமில்லை. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வரும் இரண்டு மூன்று கேள்விகளுக்கு இது தேவைப்படும்.

ஆசிரியரானது காசுக்காகத்தானே?

ஆமாம், அதைச் சொல்வதில் எந்தக் குறைவும் இல்லை. போரால் ஃபிராய்டன்பர்க்கின் உதவி நின்றுபோனது. நுரையீரல் கோளாறால் ராணுவத்திலும் அவரை எடுக்கவில்லை. கையில் இருந்தது பாரிஸில் பார்த்ததும் யோசித்ததும் மட்டும்தான். 1915-ல் மியூனிக்கில் ஒரு பள்ளியைத் திறந்தார்.

போர் முடிந்ததும் அந்தப் பள்ளியின் பெயர் வெளிநாடுகளுக்குப் பரவியது, அமெரிக்க மாணவர்கள் வர ஆரம்பித்தார்கள். கோடையில் வகுப்பை அப்படியே தூக்கிக்கொண்டு கடலோரம் போவார்கள்: ரகுசா, அதாவது இன்றைய டுப்ரோவ்னிக், அப்புறம் காப்ரி தீவு, செயின்ட் ட்ரோபே. பிழைப்புக்காக ஆரம்பித்த வேலைதான், ஆனால் பிழைப்புக்காகச் செய்கிறவர் மாதிரி அவர் ஒருநாளும் அதைச் செய்யவில்லை.

ஹிட்லருக்குப் பயந்து அமெரிக்காவுக்கு ஓடினவரா?

பலரும் அப்படித்தான் நினைக்கிறார்கள். நடந்தது கொஞ்சம் வேறு. மியூனிக்கில் அவரிடம் படித்த வொர்த் ரைடர் என்பவர் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் பெர்க்லி வளாகத்தில் ஆசிரியராகிவிட்டார். அவர்தான் 1930 கோடையில் பாடம் நடத்தக் கூப்பிட்டார். ஹோஃப்மன் போனார், நடத்தினார், ஊர் திரும்பினார். 1931-லும் போனார். 1932-ல் போனவர் திரும்பவில்லை. நாட்டில் அரசியல் கெட்டுக்கொண்டு வந்தது, அறிவாளிகள் மேலும் கலைஞர்கள் மேலும் வெறுப்பு வளர்ந்தது, அதனால் அங்கேயே இருந்துவிடுங்கள் என்று மனைவியே சொன்னார். ஹிட்லர் ஆட்சிக்கு வந்தது 1933 ஜனவரியில். அந்த வருஷமே மியூனிக் பள்ளி மூடப்பட்டது.

குடியேற்றம் என்றாலே நமக்குக் கப்பலும் கண்ணீரும்தான் ஞாபகம் வரும். இவர் கதையில் விசா வருகிறது. தற்காலிக விசா முடிந்ததும் 1934-ல் பெர்முடா தீவுக்குப் போய்ச் சில மாதம் காத்திருந்து, நிரந்தர விசாவோடு திரும்பி வந்தார். வயது 54. நியூயார்க்கில் தன் பெயரிலேயே பள்ளியும் தொடங்கினார். 1941-ல் அமெரிக்கக் குடிமகன் ஆனார்.

மனைவி ஏன் கூட வரல? பிரிஞ்சிட்டாங்களா?

பிரியவில்லை. அவர் பெயர் மரியா வொல்ஃபெக், எல்லோரும் மிட்ஸ் என்று கூப்பிடுவார்கள். 1900-ல் பழகி, 1924-ல் கல்யாணம். கணவர் 1932-ல் போனதும் மிட்ஸ் ஜெர்மனியிலேயே தங்கி, 1939-ல்தான் நியூயார்க் வந்து சேர்ந்தார். ஏழு வருஷம்.

இந்த ஏழு வருஷத்தை ஒரே வரியில் தாண்டிப் போகிறவர்களைப் பார்த்தால் எனக்கு வருத்தமாக இருக்கும். புது ஊர், புது மொழி, சொந்தப் பள்ளியின் வாடகை, ஜெர்மனியில் மனைவி. அந்த நிலையில்தான் ஒவ்வொரு நாளும் வகுப்புக்குப் போய் நின்றார். பின்னால் பிராவின்ஸ்டவுன் என்ற கடலோர ஊரில் இருவரும் வாங்கிய வீட்டில் மேசை நாற்காலி எல்லாம் பளிச்சென்ற வண்ணங்களில் இருக்கும். அது மிட்ஸின் கைவண்ணம். 1963-ல் அவர் இறந்தார்.

இங்கிலீஷ் தெரியாம எப்படிப் பாடம் நடத்தினார்?

கஷ்டப்பட்டுத்தான். ஆரம்பத்தில் ஆங்கிலம் அவருக்கு மிகக் கொஞ்சம். பின்னாளிலும் ஜெர்மன் உச்சரிப்பு கனமாகவே இருந்தது, வார்த்தைகள் ஜெர்மன் வரிசையில் வந்து விழும். 1937-ல் சேர்ந்த லீ கிராஸ்னர், முதல் சில மாதங்கள் அவர் பேசியது தனக்குப் புரியவே இல்லை என்று பின்னால் சொல்லியிருக்கிறார். ஆசிரியர் வந்து பார்த்துவிட்டுப் போன பிறகு வகுப்பு மானிட்டரிடம் கேட்டுத் தெரிந்துகொள்வாராம்.

ஆனால் வார்த்தை போதாத இடத்தில் அவர் கை பேசியது. கரிக்கோலை எடுத்து மாணவரின் படத்தின் மேலேயே கோடு போட்டுக் காட்டுவார். இந்தக் குறை இருந்ததால்தான் இவ்வளவு நல்ல ஆசிரியர் ஆனாரோ என்றுகூட நான் யோசித்ததுண்டு, ஏனென்றால் பேச்சில் சமாளிக்க முடியாதவர் செய்துதானே காட்டியாக வேண்டும்.

வகுப்புல அப்படி என்னதான் நடக்கும்?

1938-லிருந்து பள்ளி நியூயார்க்கின் மேற்கு 8-ஆம் தெரு, 52-ஆம் எண் கட்டடத்தில் நடந்தது. காலையில் மாடல் வந்து அமர்வார். மாணவர்கள் பெரிய தாளில் கரிக்கோலால் வரைவார்கள், துணியால் துடைப்பார்கள், மறுபடி வரைவார்கள். ஒரே தாளில் நாள்கணக்கில் வேலை ஓடும், தாள் சாம்பல் பூத்துப்போய்விடும். இல்லையென்றால் பழம், பாத்திரம், கசங்கிய காகிதம், வண்ணத் துணி என்று ஒரு ஸ்டில் லைஃப் அடுக்கி வைத்திருக்கும்.

இங்கே ஒரு விஷயம் பலருக்கு ஆச்சரியம். அரூப ஓவியத்தின் பெரிய வாத்தியார் என்று பெயர், ஆனால் வகுப்பில் எதிரே பொருளோ மாடலோ இல்லாமல் வரையச் சொல்லவே மாட்டார். கண்முன் இருப்பதை உற்றுப் பார்க்க வேண்டும். மாடலின் தோளுக்கும் பின்சுவருக்கும் நடுவே எவ்வளவு காற்று இருக்கிறது? அந்தக் காற்றுக்கு வடிவம் உண்டா? இப்படிக் கேட்பதுதான் அவர் வழி. காலி இடம் என்று ஒன்றை அவர் ஒப்புக்கொள்ளவே இல்லை.

மாணவங்க படத்தைக் கிழிச்சுப் போட்ருவாராமே, இது கொடுமை இல்லையா?

கிழித்தது உண்மை. கிழித்துக் குப்பையில் போடவில்லை, அதுதான் வித்தியாசம். ஒரு மாணவியின் கோட்டோவியத்தை எடுப்பார், இரண்டாகவோ நான்காகவோ கிழிப்பார், ஒரு துண்டைக் கொஞ்சம் மேலே, இன்னொன்றைக் கொஞ்சம் பக்கவாட்டில் நகர்த்திப் பலகையில் குத்தி வைப்பார். அதே கோடுகள்தான், ஆனால் செத்துக் கிடந்த படம் சட்டென்று மூச்சு விடும். கிராஸ்னரின் படத்துக்கும் இது நடந்திருக்கிறது.

கொடுமையா என்றால், கிழிபட்டவருக்குக் கட்டாயம் வலித்திருக்கும். நான் என் வகுப்பில் இதைச் செய்ய மாட்டேன். நகல் எடுத்து நகலைத்தான் கிழிப்பேன்.

தள்ளு-இழு, தள்ளு-இழுன்னு எல்லாரும் சொல்றாங்க. எளிமையா சொல்லுங்களேன்.

கேன்வாஸ் தட்டையானது. அதில் ஆழம் காட்ட நாம் பள்ளியில் கற்றது பெர்ஸ்பெக்டிவ்: தண்டவாளம் தூரத்தில் போய் ஒரு புள்ளியில் சேர்வது. அது கேன்வாஸில் ஓட்டை போடுகிற வேலை என்பது ஹோஃப்மனின் கட்சி. தட்டையைத் தட்டையாகவே விட்டுவிட்டு ஆழத்தைக் காட்ட முடியும், வண்ணமும் வடிவமும் ஒன்றையொன்று முன்னே தள்ளியும் பின்னே இழுத்தும் அதைச் செய்யும் என்றார். ஒன்று உள்ளே போனால் அதற்கு ஈடாக இன்னொன்று வெளியே வர வேண்டும்.

படித்தால் புரியாது, செய்து பாருங்கள். மங்கிய செங்கல் நிறத்தில் ஒரு பெரிய காகிதம். அதன்மேல் உள்ளங்கை அளவில் பளிச்சென்ற நீலத் துண்டு ஒன்றை வையுங்கள். நீலம் பின்னால் போகும் என்று படித்திருப்போம், இங்கே முன்னால் வந்து நிற்கும். இப்போது நீலத்தின் ஒரு மூலை மேல் சுண்டுவிரல் அகலத்துக்கு மஞ்சள் துண்டு ஒன்றை ஏற்றுங்கள். நீலம் ஒரு அடி பின்வாங்கும். காகிதம் இம்மியும் அசையவில்லை. இதை முதன்முதலில் பார்க்கிற மாணவர் முகத்தை நான் எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன், அலுத்ததே இல்லை. ஹோஃப்மனும் தன் சொந்தப் படங்களில் வண்ணக் காகிதத் துண்டுகளைக் குத்தி, நகர்த்தி நகர்த்திப் பார்த்துவிட்டுத்தான் பெயின்ட் பூசுவார்.

அவர்ட்ட படிச்சவங்கெல்லாம் அவர் மாதிரியே வரைஞ்சாங்களா?

இதுதான் அவர் ஆசிரியர் என்பதற்கு எனக்குத் தெரிந்த முதல் சாட்சி. ஃபிராங்கந்தாலர் பெயின்ட்டைத் தண்ணீராகக் கரைத்துக் கேன்வாஸில் ஊறவிட்டார், ஹோஃப்மனோ சாந்து பூசுவது போலப் பூசுகிறவர். லாரி ரிவர்ஸ் ஆட்களை வரைந்தார். மியூனிக்கில் படித்த லூயிஸ் நெவல்சன் மரத்துண்டுகளை அடுக்கிச் சிற்பம் செய்தார். ரே ஈம்ஸ் நாற்காலி வடிவமைப்பில் பெயர் பெற்றார். காப்ரோ படத்தையே விட்டுவிட்டு, நிகழ்த்துவதே கலை என்று கிளம்பிவிட்டார்.

ஒரு காரணம், தன் படங்களை அவர் மாணவர்களிடம் காட்டவே மாட்டார். இவரைப் பார்த்து நகலெடுக்க எதுவும் இல்லை. இன்னொன்று, யார் வேண்டுமானாலும் வந்து சேரலாம். போர் முடிந்து திரும்பிய வீரர்களின் படிப்புச் செலவை அரசு ஏற்கும் சட்டம் 1944-ல் வந்ததும் வகுப்பு நிரம்பி வழிந்தது. அப்படிக் கடற்படையிலிருந்து வந்த உல்ஃப் கான் ஜெர்மனியில் பிறந்தவர், சிறுவனாக நாஜிகளிடமிருந்து தப்பி வந்தவர். அவர் வரைந்ததெல்லாம் மரங்களும் களஞ்சியக் கட்டடங்களும்.

பெண்களை மட்டமா பேசினவர்னு படிச்சேன். உண்மையா?

கிராஸ்னரே சொன்னது இது: தன் படத்தைப் பார்த்து ஹோஃப்மன், இது ஒரு பெண் வரைந்தது என்றே தெரியாது, அவ்வளவு நன்றாக இருக்கிறது என்றாராம். பாராட்டு என்று நினைத்துத்தான் சொல்லியிருக்கிறார். கிராஸ்னருக்கு அது காலம் முழுக்க உறுத்தியது. அந்தக் காலத்தில் எல்லோரும் அப்படித்தான் என்று நான் சமாதானம் சொல்ல மாட்டேன், கேட்டவர்க்கு வலித்தது வலித்ததுதான்.

அதேசமயம் பெண்களுக்குக் கதவைத் திறந்து வைத்த பள்ளியும் அதுதான். முந்தைய பதிலில் உள்ள பெயர்களைத் திரும்பப் பாருங்கள், பாதி பெண்கள். இரண்டும் ஒரே ஆளிடம் இருந்தன.

ஜாக்சன் பொல்லாக் இவர் மாணவரா? பெயின்ட்டைச் சொட்ட விடறதை இவர்தான் முதல்ல செஞ்சாராமே?

அமெரிக்க ஓவியரான பொல்லாக் இவர் மாணவர் இல்லை. 1942-ல் கிராஸ்னர் தன் பழைய ஆசிரியரைப் பொல்லாக்கின் ஸ்டூடியோவுக்குக் கூட்டிப் போனார். அங்கே ஸ்டில் லைஃபும் இல்லை, மாடலும் இல்லை. இயற்கையைப் பார்த்து வரைவதில்லையா என்று ஹோஃப்மன் கேட்க, நானே இயற்கை என்று பொல்லாக் பதில் சொன்னதாகக் கிராஸ்னர் நினைவுகூர்ந்திருக்கிறார். பார்த்துப் பார்த்து வரைய வேண்டும் என்ற ஆசிரியருக்கும் அந்த இளைஞருக்கும் இருந்த தூரம் அந்த ஒரு பதிலிலேயே தெரிந்துவிடுகிறது.

சொட்டல் விஷயம்: நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகத்தில் ‘வசந்தம்’ என்று ஹோஃப்மனின் சின்னப் படம் ஒன்று உண்டு. முழுக்கச் சொட்டவிட்டதுதான். படத்தின் பின்பக்கம் 1940 என்று எழுதியிருக்கிறது, அருங்காட்சியகம் போட்டிருக்கும் ஆண்டு 1944–45. எப்படிப் பார்த்தாலும் பொல்லாக் 1947-ல் அதைத் தன் வழியாக்கிக்கொள்வதற்கு முந்தியது. ஆனால் ஹோஃப்மன் அதை ஒரு சோதனையாகச் செய்துவிட்டு நகர்ந்துவிட்டார். பொல்லாக் அதிலேயே வாழ்ந்தார். யார் முதல் என்ற போட்டியில் எனக்கு அக்கறை இல்லை.

பாடம் சொல்லிக்கொடுத்தா சொந்த வேலை கெட்டுப்போகும்னு சொல்றாங்களே, இவருக்கும் அதுதானே ஆச்சு?

என்னிடம் அதிகம் கேட்கப்படுவது இதுதான், கேட்கிறவர்களில் பாதிப்பேர் பள்ளிக்கூடத்தில் ஓவிய ஆசிரியராக இருக்கிறவர்கள். அதனால் மழுப்பாமல் சொல்கிறேன். 1915-ல் பள்ளி ஆரம்பித்ததிலிருந்து 1930-களின் நடுப்பகுதிவரை, கிட்டத்தட்ட 20 வருஷம், அவர் வண்ணத்தில் செய்தது சொற்பம். கோட்டோவியம் மட்டும் விடாமல் போட்டார். பாரிஸ் படங்கள் தொலைந்ததையும் சேர்த்தால், 55 வயதில் ஓவியர் என்று காட்ட அவர் கையில் எவ்வளவு இருந்திருக்கும் பாருங்கள். இழப்பு இல்லை என்று யார் சொன்னாலும் நம்பாதீர்கள்.

அப்புறம் பிராவின்ஸ்டவுனில் கோடைப் பள்ளி தொடங்கியபோது மறுபடி பெயின்ட் எடுத்தார். அந்தக் கடலோர வெளிச்சம், வீட்டு உள்ளறைகள், மேசைமேல் உள்ள சாமான்கள். 1944-ல், 64 வயதை ஒட்டி, பெகி குகன்ஹைமின் காட்சிக்கூடத்தில் நியூயார்க்கில் முதல் தனிக்கண்காட்சி. மேலே சொன்ன தள்ளு-இழு ஒரு புத்தகத்திலிருந்து எடுத்த கொள்கை இல்லை. ஆயிரம் மாணவர்களின் சரிவராத படங்களுக்கு முன்னால் நின்று, ஏன் சரிவரவில்லை என்று விளக்க முயன்றதில் திரண்டது. அந்த வகுப்பறை இல்லாமல் அந்தப் படங்கள் வந்திருக்காது என்பது என் உறுதியான எண்ணம். வருஷங்களையும் அது தின்றது, வழியையும் அதுதான் கொடுத்தது. கிளமென்ட் கிரீன்பர்க் 1938–39-ல் ஹோஃப்மனின் சொற்பொழிவுகளைக் கேட்கப் போய்த்தான் நவீன ஓவியத்தைப் பார்க்கக் கற்றார், பின்னாளில் அமெரிக்காவின் பெரிய கலை விமர்சகர் ஆனார்.

பள்ளியை எப்ப மூடினார்? அதுக்கப்புறம் ஓய்வா?

1958-ல், 78 வயதில் இரண்டு பள்ளிகளையும் மூடினார். ஓய்வு என்ற பேச்சே இல்லை. முழுநேரமும் படம்தான். கட்டியான செவ்வகங்கள் மிதக்கும் அந்தப் பெரிய படங்கள், இன்று ஹோஃப்மன் என்றதும் கண்முன் வருபவை, பெரும்பாலும் இந்தக் கடைசி எட்டு வருஷத்தில் பிறந்தவை. 1960-ல் வெனிஸ் நகரின் சர்வதேசக் கலைக் கண்காட்சியான வெனிஸ் பியெனாலேயில் அமெரிக்காவின் சார்பில் அவர் படங்கள் போயின. 1963-ல் நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகம் பெரிய கண்காட்சி வைத்தது. மிட்ஸ் இறந்த பிறகு 1964-ல் ரெனாட்டே ஷ்மிட்ஸ் என்ற பெண்ணை மணந்தார், அவர் பெயரில் 1965-ல் ஒரு படவரிசையே வரைந்தார். அப்போது வயது 85.

அப்ப அவர் ஜெர்மன் ஓவியரா, அமெரிக்க ஓவியரா?

வெனிஸுக்கு அவரை அனுப்பியது அமெரிக்கா. படித்தது ஜெர்மனியிலும் பிரான்சிலும். அவர் செய்த பெரிய காரியமே பாரிஸில் பார்த்ததை நியூயார்க்குக்குத் தூக்கிக்கொண்டு போனதுதான். பொருளாகக் கொண்டுபோக எதுவும் இல்லை, படங்கள்தான் தொலைந்துவிட்டனவே. கண்ணிலும் கையிலும் இருந்ததைக் கொண்டுபோனார்.

அவரே இதற்குப் பதில் சொன்னாரா என்றால், ஒரு செயலில் சொன்னார் என்பேன். 1963-ல் நாற்பதுக்கும் மேற்பட்ட தன் ஓவியங்களையும், அருங்காட்சியகம் கட்ட 2,50,000 டாலரையும் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் பெர்க்லி வளாகத்துக்குக் கொடுத்தார். புகழ் வந்தது நியூயார்க்கில். கொடுத்தது 1930-ல் முதன்முதலாகக் கூப்பிட்டு வகுப்பறை தந்த இடத்துக்கு.

எந்தப் படத்திலேர்ந்து பார்க்க ஆரம்பிக்கலாம்?

நியூயார்க் குகன்ஹைம் அருங்காட்சியகத்தில் உள்ள ‘வாசல்’, 1959–60-ல் வரைந்தது. லண்டன் டேட் அருங்காட்சியகத்தில் உள்ள ‘பாம்பெய்’, 1959. இரண்டும் இணையத்தில் கிடைக்கும். நியூயார்க் போகிறவர்கள் மேற்கு 49-ஆம் தெருவில் முன்பு அச்சுக்கலைப் பள்ளியாக இருந்த கட்டடத்தின் வெளிச்சுவரில் அவர் செய்த மொசைக்கைப் பார்க்கலாம், டிக்கெட் தேவையில்லை.

திரையில் பார்க்கும்போது ஒன்று செய்யுங்கள். ‘வாசல்’ படத்தில் ஏதாவது ஒரு செவ்வகத்தைக் கட்டைவிரலால் மறைத்துவிட்டு மற்றதைப் பாருங்கள், பிறகு விரலை எடுங்கள். பக்கத்துச் செவ்வகம் இடம் மாறி நிற்கும். ஒவ்வொன்றாக மறைத்து மறைத்துப் பாருங்கள், ஒரு பத்து நிமிஷம் போவதே தெரியாது.